காட்ஜில்லாவை கைப்பேசியில் பார்த்துவிட்டு "கிராஃபிக்ஸ் சுமார்" என்கிறவர்களுக்கு

கடைசிவரிசை:

ஒவ்வொரு ராட்சத மிருகப் படம் வரும்போதும் இதே கூத்துதான். வெளியான மறுநாளே யாரோ அரங்கில் உட்கார்ந்து எடுத்த கேம் பிரிண்ட் வந்துவிடுகிறது, அதைக் கையகலத் திரையில் பார்த்துவிட்டு "ஒரே இருட்டு, மிருகம் சரியாகவே தெரியவில்லை, கிராஃபிக்ஸ் சுமார்" என்று நட்சத்திரம் போட ஒரு கூட்டம் கிளம்பிவிடுகிறது. இருட்டாக இல்லாமல் என்ன செய்யும்? திரையில் பட்டுத் திரும்பும் வெளிச்சத்தை இன்னொரு கேமரா வாங்கும்போது நிழல் பகுதியில் இருக்கும் அத்தனை விவரமும் ஒரே கரியாகிவிடும், இந்த வகைப் படங்களில் பாதிச் சண்டை ராத்திரியில் மழையில்தான் நடக்கிறது.

இந்தப் படங்களின் மொத்தச் சரக்கே அளவுதான். அது பெரியது என்று நம்மை நம்ப வைப்பதற்குத்தான் எல்லா உழைப்பும் போகிறது. கேமராவை மனிதர் கண்மட்டத்திலோ அதற்கும் கீழேயோ வைப்பார்கள். நமக்கும் மிருகத்துக்கும் நடுவில் புகை, தூசி, மழை என்று எதையாவது போட்டு தூரத்தை உணர்த்துவார்கள். அசைவை மெதுவாக்குவார்கள். 1954-இல் இஷிரோ ஹோண்டா இயக்கிய முதல் காட்ஜில்லாவில் எய்ஜி சுபுராயாவின் குழு ஓர் ஆளை ரப்பர் உடைக்குள் நிறுத்தி, கேமராவை வழக்கத்தைவிட வேகமாக ஓடவிட்டுப் படம் பிடித்தது. சாதாரண வேகத்தில் திரையிட்டபோது அந்த நடைக்கு ஒரு மலையின் கனம் வந்தது. கர்ஜனையும் அப்படித்தான்: இசையமைப்பாளர் அகிரா இஃபுகுபே டபுள் பாஸ் தந்தியைத் தளர்த்தி, பிசின் தடவிய தோல் கையுறையால் தேய்த்து, பதிவான ஒலியை மெதுவாக்கி எடுத்தது. அந்த அடிநாதம் உடம்பில் அதிர வேண்டும். கைப்பேசி மைக் முதலில் தூக்கி எறிவது அதைத்தான்.

முடிக்கப்படாத வேலையை வைத்துத் தீர்ப்பு சொன்ன கதையும் உண்டு. 2003-இல் ஹல்க் படம் அரங்குக்கு வர சுமார் இரண்டு வாரம் இருக்கும்போது அரைகுறைப் பிரதி ஒன்று இணையத்தில் கசிந்தது. கிராஃபிக்ஸ் பாதி வெந்திருந்த நிலையில் பார்த்தவர்கள் எல்லாம் ரப்பர் பொம்மை மாதிரி இருக்கிறது என்று எழுதித் தள்ளினார்கள். விளம்பர நிறுவனம் ஒன்றுக்குக் கொடுத்த டேப் கைமாறிப் போனதுதான் காரணம். ஏற்றியவர் அதிலிருந்த அடையாளக் குறியை மறைக்கப் பார்த்தும் எஃப்பிஐ கண்டுபிடித்துவிட்டது.

திருட்டுப் பிரதி பார்ப்பவரைத் திட்டுவதற்கு மட்டும் இந்த இழையைத் தொடங்கவில்லை. எனக்கு ஸ்டுடியோக்கள் மேலும் கோபம் இருக்கிறது. ஒரு நாட்டில் வெளியிட்டுவிட்டு இன்னொரு நாட்டில் மாதக்கணக்கில் வெளியிடாமல் வைத்திருப்பது, அரங்கிலிருந்து தூக்கிய பிறகும் ஸ்ட்ரீமிங்கில் போடாமல் வைத்திருப்பது. அந்த இடைவெளியில்தான் திருட்டுப் பிரதி இறக்கித் தரும் டோரண்ட் தளங்கள் வயிறு வளர்க்கின்றன என்பது என் கட்சி. நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

வேதாளம்77:

நீளமாக எழுதியிருக்கிறீர்கள், ஆனால் அடிப்படையே தப்பு. கேம் பிரிண்ட் பார்க்கிறவன் எந்தக் காலத்திலும் டிக்கெட் வாங்கப் போவதில்லை. டிக்கெட் வாங்குகிறவன் கேம் பிரிண்டைத் தொடமாட்டான். இரண்டும் வேறு வேறு கூட்டம். இதில் யாருக்கும் நஷ்டம் இல்லை. 50 கோடி டாலர் அள்ளிய படத்துக்காக நான் கண்ணீர் விடப் போவதில்லை.

எண்கணக்கு:

வேதாளம், நீங்கள் சொல்வது பாட்டுக்கும் புத்தகத்துக்கும் ஓரளவு பொருந்தும், இந்த வகைப் படத்துக்குத்தான் பொருந்தாது. ஐரோப்பிய ஆணையம் ஈகோரிஸ் என்ற ஆய்வு நிறுவனத்திடம் ஓர் ஆய்வு செய்யச் சொல்லி 2015-இல் அறிக்கையை வாங்கியது. வாங்கியதை வெளியிடாமலே வைத்திருந்தது, 2017-இல் ஐரோப்பிய நாடாளுமன்ற உறுப்பினர் யூலியா ரேடா கேட்டு வாங்கி வெளியே கொண்டுவந்தார். இசை, புத்தகம், வீடியோ கேம் இவற்றில் திருட்டுப் பிரதியால் விற்பனை குறைகிறது என்பதற்கு உறுதியான புள்ளிவிவர ஆதாரம் கிடைக்கவில்லை என்று அது சொல்லியது. திருட்டுப் பிரதிக்கு வக்காலத்து வாங்குகிறவர்கள் எல்லாரும் இந்த வரியோடு நிறுத்திக்கொள்வார்கள். அதே அறிக்கையில் ஒரு விதிவிலக்கு இருக்கிறது: சமீபத்தில் வந்த பெரிய வெற்றிப் படங்கள். அங்கே மட்டும் பத்துத் திருட்டுப் பார்வைக்கு நான்கு முறையான பார்வை குறைகிறது. நூற்றுக்கு நாற்பது. ராட்சத மிருகப் படம் இந்த விதிவிலக்குக்கு நடுவில் வந்து உட்காருகிறது.

அடுத்தது, எப்போது கசிந்தது என்பது. கார்னகி மெலன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2014-இல் வெளியிட்ட கட்டுரையில், வெளியீட்டுக்கு முன்பே கசிந்த படத்தின் வசூல், வெளியான பிறகு கசிந்த படத்தோடு ஒப்பிட்டால் சராசரியாக 19.1 சதவீதம் குறைவு என்று கணக்கிட்டார்கள். ஹல்க் கதையை இதோடு சேர்த்துப் படியுங்கள். ஆனால் சராசரியை எடுத்து ஒரு குறிப்பிட்ட படத்தின் தலையில் கட்டி "இந்தப் படத்துக்கு இத்தனை கோடி போச்சு" என்று சொல்லக் கூடாது. தயாரிப்பாளர் சங்கங்கள் அதைத்தான் செய்கின்றன, அதனால்தான் யாரும் நம்புவதில்லை.

வேதாளம்77:

பத்துக்கு நான்கு என்றால் ஆறு பேர் எப்படியும் வந்திருக்க மாட்டார்கள். பாதிக்கு மேல் என் பக்கம்தான் நிற்கிறது :)

எண்கணக்கு:

"யாருக்கும் நஷ்டம் இல்லை" என்று தொடங்கினீர்கள், இப்போது பத்துக்கு நான்கு வரை இறங்கி வந்திருக்கிறீர்கள். பேசிக்கொண்டே இருங்கள்.

பிக்சல்பித்தன்:

விஎஃப்எக்ஸ், அதாவது படத்துக்கான கிராஃபிக்ஸ் வேலையில் இருப்பவன் என்ற முறையில் ஒன்று சொல்ல வேண்டும், இது இரண்டு பக்கத்துக்கும் பிடிக்காது. "திருட்டுப் பிரதி பார்க்காதே, கிராஃபிக்ஸ் கலைஞரின் வயிற்றில் அடிக்காதே" என்று விளம்பரம் போடுவார்கள் பாருங்கள், அதைக் கேட்டால் எனக்குச் சிரிப்பு வரும். படம் எவ்வளவு வசூல் செய்தாலும் எங்களுக்கு அதில் பங்கு கிடையாது. ஷாட்டுக்கு இவ்வளவு என்று ஏலம் மாதிரி குறைத்துக் கேட்டுத்தான் வேலை எடுக்கிறார்கள், இயக்குநர் மனசு மாறிப் பத்து முறை திருத்தச் சொன்னாலும் பெரும்பாலும் அதே தொகைதான். ரிதம் அண்ட் ஹ்யூஸ் என்ற விஎஃப்எக்ஸ் நிறுவனம் 2013 பிப்ரவரியில் திவால் மனு போட்டது, அதே மாதம் அவர்கள் வேலை செய்த படத்துக்கு விஎஃப்எக்ஸ் ஆஸ்கர் கிடைத்தது. அவர்களை மூழ்கடித்தது டோரண்ட் இல்லை.

அதற்காக வேதாளம் பக்கம் போய்விடவும் மாட்டேன். முதல் வார வசூல் சரிந்தால் அடுத்த பாகத்தின் பட்ஜெட் சுருங்கும், சுருங்கினால் முதலில் வெட்டு விழுவது எங்கள் ஷாட்டுகளில். சம்பந்தம் இருக்கிறது, சுற்றி வளைத்து இருக்கிறது.

கடைசிவரிசை, நீங்கள் சொன்ன அளவு விஷயத்தில் ஒன்று சேர்த்துக்கொள்கிறேன். தகாஷி யமசாகியின் காட்ஜில்லா மைனஸ் ஒன் படத்தில் மொத்தம் 610 விஎஃப்எக்ஸ் ஷாட்டுகள், வேலை செய்தவர்கள் 35 பேர். ஹாலிவுட்டில் இதற்கு ஒரே படத்தில் ஆயிரக்கணக்கான பெயர் ஓடும். பட்ஜெட்டும் ஒன்றரைக் கோடி டாலருக்குள்தான். இயக்குநரே விஎஃப்எக்ஸ் மேற்பார்வையாளராகவும் இருந்ததால் "இது வேண்டாம், அதைக் காட்டு" என்று பத்து மட்டத்தில் அனுமதி வாங்க வேண்டியதில்லை, பக்கத்து மேசைக்குப் போய்ச் சொன்னால் முடிந்தது. அந்தக் கடல் நீரைப் பாருங்கள். மிருகம் பெரியது என்று அந்தப் படத்தில் நம்மை நம்ப வைப்பது தண்ணீர்தான்: எவ்வளவு நுரை, எந்த அளவுத் துளி, எவ்வளவு மெதுவாக விழுகிறது. துளி கொஞ்சம் பெரிதாகிவிட்டால் காட்ஜில்லா குளியல்தொட்டிப் பொம்மையாகிவிடும். இரண்டு முறை சுருக்கிய கேம் ஃபைலில் அந்த நுரை முழுக்க சதுரம் சதுரமாகக் கரைந்துபோய்விடும். பார்த்தவர் "தண்ணீர் செயற்கையாக இருக்கிறது" என்பார். எனக்கு வயிறு எரியும்.

கடைசிவரிசை:

மைனஸ் ஒன் பற்றிப் பேச்சு வந்ததும் நல்லதாகப் போயிற்று, நான் சொன்ன இடைவெளிக்கு அதைவிட நல்ல உதாரணம் இல்லை. ஜப்பானில் 2023 நவம்பர் 3. அமெரிக்காவில் டிசம்பர் 1. பிரிட்டனில் டிசம்பர் 15. பல நாடுகளில் அரங்குக்கே வரவில்லை. அமெரிக்காவில் நன்றாக ஓடிக்கொண்டிருந்தபோதே 2024 பிப்ரவரி 1-ஓடு எடுத்துவிட்டார்கள், லெஜண்டரி என்ற ஹாலிவுட் நிறுவனத்தின் காட்ஜில்லா-காங் படம் மார்ச் கடைசியில் வரவிருந்தது, இரண்டு காட்ஜில்லாவும் மோதக் கூடாது என்ற ஏற்பாடு. மார்ச் 10-ஆம் தேதி ஆஸ்கர் வாங்கியது, காட்ஜில்லா வரிசையின் எழுபதாண்டு சரித்திரத்தில் முதல் ஆஸ்கர். உலகமே "அதென்ன படம்" என்று தேடிய அந்த ராத்திரி, அமெரிக்காவில் அது வழக்கமான அரங்கிலும் இல்லை, ஸ்ட்ரீமிங்கிலும் இல்லை, டிவிடி வட்டாகவும் இல்லை. நெட்ஃபிளிக்ஸில் வந்தது ஜூன் 1. நடுவில் நான்கு மாதம்! பணத்தை நீட்டிக்கொண்டு நின்றாலும் வாங்க ஆளில்லை. அந்த நான்கு மாதத்தில் தேடியவர்களை எந்தத் தளம் வரவேற்றிருக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

வேதாளம்77:

உங்கள் இடைவெளிக் கொள்கையை ஒரே படத்தில் உடைக்கிறேன். காட்ஜில்லாவும் காங்கும் மோதிய 2021 படம். அரங்கில் வந்த அதே நாள் எச்பிஓ மேக்ஸ் ஸ்ட்ரீமிங்கிலும் வந்தது. இடைவெளி பூஜ்யம். என்ன ஆயிற்று? சில மணி நேரத்தில் சுத்தமான ஃபைல் டோரண்டில், அந்த வாரம் அதிகம் இறக்கப்பட்ட படமே அதுதான். எங்கே போயிற்று உங்கள் கொள்கை?

ஆப்பரேட்டர்ரீல்:

வேதாளம் சொல்வதில் பாதி சரி. நான் ப்ரொஜெக்ஷன் பக்கம் இருப்பவன், கசிவு எங்கிருந்து வருகிறது என்று கொஞ்சம் விளக்குகிறேன், இழையில் பலர் எல்லாவற்றையும் ஒரே பெயரில் போட்டுக் குழப்புகிறார்கள்.

அரங்குக்கு வரும் படம் ஒரு ஹார்ட் டிஸ்க்கிலோ செயற்கைக்கோள் வழியோ இணையம் வழியோ வரும், டிசிபி என்போம். பூட்டிய பெட்டி. திறக்கத் தனியாக ஒரு சாவி வரும், கேடிஎம். அந்தச் சாவி எங்கள் ப்ரொஜெக்டரோடு இணைந்த குறிப்பிட்ட சர்வரில் மட்டும்தான் வேலை செய்யும், இந்தத் தேதி இந்த மணியிலிருந்து இந்தத் தேதி வரை என்று கால அளவும் உண்டு. பக்கத்துத் திரைக்கு எடுத்துப் போனால்கூடத் திறக்காது. அதனால் டிசிபியை அப்படியே நகலெடுத்து இணையத்தில் விடுவது நடைமுறையில் நடப்பதில்லை. நடப்பது என்னவென்றால் இருக்கையிலிருந்து கேமராவில் எடுப்பது, அது கேம். படத்தை ஓர் இடத்திலிருந்தும் ஒலியை நேரடி இணைப்பிலிருந்தும் எடுத்துச் சேர்ப்பது, அது டெலிசிங்க், கொஞ்சம் தெளிவாக இருக்கும்.

ஆனால் திரையிடும்போதே படத்துக்குள்ளும் ஒலிக்குள்ளும் கண்ணுக்கும் காதுக்கும் தெரியாத வாட்டர்மார்க் என்ற அடையாளக் குறி விழுகிறது. ஹாலிவுட் ஸ்டுடியோக்கள் சேர்ந்து 2005-இல் வகுத்த டிசிஐ விதியிலேயே இது இருக்கிறது. எந்தக் கருவியில் ஓடியது, எந்தக் கால்மணி நேரத்தில் ஓடியது, இரண்டும் அதில் இருக்கும், ஐந்து நிமிடத் துண்டு கிடைத்தாலே படித்துவிடலாம். அதனால் எந்த அரங்கு, எந்தக் காட்சி என்பது தெரிந்துவிடும். எந்த இருக்கை என்பதுதான் தெரியாது.

ஸ்ட்ரீமிங்கில் கதை வேறு. அங்கிருந்து உருவியெடுத்தது வெப் டிஎல், அசல் தரம். கேம் பிரிண்ட் ஒருவிதத்தில் அரங்குக்கு விளம்பரம், "இதை நல்ல திரையில் பார்க்க வேண்டும்" என்று தோன்ற வைக்கும். அசல் தரத்தில் வெளியே வந்துவிட்டால் அந்த ஏக்கமும் போய்விடுகிறது. வார்னர் ஸ்டுடியோ 2020 டிசம்பரில் அடுத்த ஆண்டுப் படங்கள் எல்லாவற்றையும் அமெரிக்காவில் ஒரே நாளில் அரங்கு, எச்பிஓ மேக்ஸ் என இரண்டு இடத்திலும் போடப்போகிறோம் என்று அறிவித்தபோது எங்கள் தொழிலில் எல்லாருக்கும் தூக்கம் போனதற்குக் காரணம் இதுதான்.

கடைசிவரிசை:

ஆப்பரேட்டர் எழுதியதில் "அமெரிக்காவில்" என்ற ஒரு சொல் இருக்கிறது பாருங்கள். 2021 மார்ச்சில் எச்பிஓ மேக்ஸ் இருந்ததே அமெரிக்காவில் மட்டும்தான், லத்தீன் அமெரிக்காவுக்குப் போனதே அந்த ஜூனில். ஐரோப்பாவில் பல நாடுகளில் பெருந்தொற்றால் அரங்குகள் மூடிக் கிடந்தன. அசல் தரப் பிரதி ஒரு நாட்டில், மற்ற நாடுகளில் சிலவற்றில் பூட்டிய அரங்கு, எச்பிஓ மேக்ஸ் கிடையாது. வேதாளம் இதைப் பூஜ்ய இடைவெளி என்கிறார். இணையத்துக்கு எல்லை கிடையாது, உரிமத்துக்கு உண்டு. அந்த இரண்டுக்கும் நடுவில்தான் ஓட்டை.

இன்னொன்று, அவ்வளவு கசிந்தும் அந்தப் படம் உலக அளவில் சுமார் 47 கோடி டாலர் எடுத்தது, அரங்குகள் பாதி திறந்திருந்த காலத்தில். பெரிய திரையில்தான் பார்ப்பேன் என்கிற கூட்டம் இன்னும் இருக்கிறது.

எண்கணக்கு:

இதற்கும் ஆய்வு இருக்கிறது, சுருக்கமாகச் சொல்கிறேன். டனஹர், வால்ட்ஃபோகல் இருவரும் பிட்டோரண்ட் வந்த பிறகு என்ன நடந்தது என்று பார்த்தார்கள். அமெரிக்காவில் வெளியாகி வெளிநாட்டுக்கு வரத் தாமதமான படங்களின் வெளிநாட்டு வசூல் குறைந்தது 7 சதவீதம் அடிவாங்கியது, தாமதம் கூடக் கூட அடியும் கூடியது. அமெரிக்க வசூலில் அப்படி ஒரு விளைவு அவர்களுக்குத் தென்படவில்லை. கடைசிவரிசையின் கட்சிக்கு இது சாதகம்தான். ஆனால் தாமதம் இல்லாவிட்டால் திருட்டே இருக்காது என்று அந்தக் கட்டுரை சொல்லவில்லை, நீங்களும் சொல்லிவிடாதீர்கள்.

சட்டப்புள்ளி:

சட்டத்தைப் பற்றி யாரும் பேசவில்லையே. அரங்கில் படமெடுப்பது அமெரிக்காவில் 2005 முதல் கூட்டாட்சிக் குற்றம், முதல் முறைக்கே மூன்றாண்டு வரை சிறை. காட்ஜில்லாவின் தாய்நாடான ஜப்பானில் 2007-இல் இதற்கென்றே தனிச் சட்டம் வந்தது, பத்தாண்டு வரை சிறை அல்லது ஒரு கோடி யென் வரை அபராதம், இரண்டும் சேர்த்தும் விதிக்கலாம். "சொந்த உபயோகத்துக்குத்தான் எடுத்தேன்" என்ற சாக்கும் அங்கே முதல் எட்டு மாதத்துக்குச் செல்லாது. அந்த நாட்டு அரங்குகளில் படத்துக்கு முன்னால் கேமராத் தலையோடு ஓர் ஆள் ஆடிக்கொண்டு வருவார், போலீஸ் விளக்குத் தலை ஆள் துரத்துவார், அந்த விளம்பரமும் அப்போது வந்ததுதான்.

அதற்கு அப்புறம் இன்னும் தூரம் போயிருக்கிறார்கள். ஒரு படத்தைப் பத்து நிமிடமாக வெட்டிக் கதை சொல்லும் வீடியோக்கள் பார்த்திருப்பீர்கள், அவற்றைப் போட்டவர்களில் இருவர் 13 நிறுவனங்களுக்கு 50 கோடி யென் நஷ்ட ஈடு தர வேண்டும் என்று டோக்கியோ நீதிமன்றம் 2022 நவம்பரில் தீர்ப்பளித்தது. காட்ஜில்லாவின் சொந்தக்கார நிறுவனமான டோஹோவும் அந்த 13-இல் ஒன்று. 2024 அக்டோபரில் இன்னொரு படி மேலே: மைனஸ் ஒன் படத்தின் கதையையும் வசனத்தையும் முதலிலிருந்து கடைசி வரை எழுத்தாக எழுதிப் போட்ட ஒரு தளத்தை நடத்தியவர்களைக் கைது செய்தார்கள். வீடியோ எதுவும் இல்லை. வெறும் எழுத்து, சில படங்கள்.

மழைக்காளான்:

என்னது, கதை சொன்னால் ஜெயிலா? அப்படியென்றால் என் மாமாவுக்கு ஆயுள் தண்டனைதான். ஒரு படம் பார்த்துவிட்டு வந்தால் சண்டைச் சத்தத்தோடு முழுப் படத்தையும் ஓட்டிக் காட்டிவிடுவார்.

சட்டப்புள்ளி:

மாமாவைக் காப்பாற்றிவிடலாம், கவலைப்படாதீர்கள். விமர்சனம் எழுதுவதும் கதைச் சுருக்கம் சொல்வதும் வேறு. அந்தத் தளம் காட்சிக்குக் காட்சி, வசனத்துக்கு வசனம் அசலைப் பார்க்கவே தேவையில்லாத அளவுக்கு இறக்கி வைத்து விளம்பர வருமானம் பார்த்தது என்பதுதான் குற்றச்சாட்டு. எனக்கும் அது கொஞ்சம் அதிகப்படியாகத்தான் படுகிறது. காட்ஜில்லா படத்தை எழுத்தில் படித்து யார் திருப்தியடைவார்கள்? "அது வாலைச் சுழற்றியது, கட்டடம் விழுந்தது" என்று படிக்கவா இவ்வளவு பாடு?

பிக்சல்பித்தன்:

அந்த வாலைச் சுழற்ற எத்தனை ராத்திரி ரெண்டர் ஓடியிருக்கும், ஒரே வரியில் முடித்துவிட்டீர்கள்.

தூசிப்படலம்:

திருட்டு, திருட்டு என்று எல்லாரும் கீழே உள்ளவனையே பார்க்கிறீர்கள். மேலே நடந்த ஒன்றைச் சொல்கிறேன், இந்த இழைக்கென்றே செய்து வைத்த மாதிரி இருக்கும்.

வோல்டேஜ் பிக்சர்ஸ் என்று ஓர் அமெரிக்க நிறுவனம். 2010-இலிருந்து இவர்கள் செய்த வேலை, தங்கள் படத்தை டோரண்டில் இறக்கியவர்கள் என்று ஐபி முகவரிகளைப் பிடித்து மொத்தமாக வழக்குப் போடுவது. ஒரு படத்துக்கு மட்டும் சுமார் 25,000 பெயர் தெரியாத நபர்கள் மேல். நீதிமன்றம் வரை இழுக்க ஆசை ஒன்றும் கிடையாது, "இவ்வளவு கட்டு, விட்டுவிடுகிறோம்" என்று கடிதம் அனுப்பி வசூல் செய்வதுதான் வழி. ஆஸ்திரேலியாவில் 2015-இல் 4,726 முகவரிகளுக்கு உரியவர்களின் விவரம் கேட்டு, நீதிபதியும் முதலில் தரச் சொன்னார். ஆனால் பயனருக்கு அனுப்பும் கடிதத்தை எனக்கு முதலில் காட்டு என்றார், காட்டினார்கள், பார்த்துவிட்டு இப்படியெல்லாம் பணம் கேட்க முடியாது என்று 6 லட்சம் ஆஸ்திரேலிய டாலர் பிணை கட்டச் சொன்னார். வழக்கு அதோடு படுத்தது.

சரி, அதே 2015-இல் இந்த நிறுவனம் ஒரு ராட்சத மிருகப் படம் எடுக்கக் கிளம்புகிறது. கேன் திரைப்பட விழாச் சந்தையில் முதலீட்டாளர்களைப் பிடிக்க வேண்டும். அனுப்பிய விளம்பர மின்னஞ்சலில் யார் படம் இருந்தது தெரியுமா? காட்ஜில்லா. சாட்சாத் டோஹோவின் காட்ஜில்லா, அதுவும் முந்தைய ஆண்டு ஹாலிவுட் படத்திலிருந்து எடுத்த படம். இயக்குநர் குறிப்பிலும் காட்ஜில்லாவையே வைத்துத்தான் விளக்கம். அனுமதி? மூச்! டோஹோ கலிஃபோர்னியாவில் வழக்குப் போட்டது. மற்றவர் திருடுகிறார்கள் என்று ஊரெல்லாம் வழக்குப் போடும் நிறுவனமே இப்படிச் செய்கிறது என்பதை மனுவிலேயே குத்திக் காட்டியிருந்தார்கள். சில மாதத்தில் சமரசம் ஆயிற்று. படம் பிற்பாடு வேறொரு மிருகத்தோடு வந்தது, டோக்கியோவை விட்டு சியோலுக்குக் குடிபெயர்ந்து.

ஆக, ஒரு மாணவன் ஃபைல் இறக்கினால் அவன் குற்றவாளி, கம்பெனி இறக்கினால் அது மார்க்கெட்டிங். இதற்கு யாராவது பதில் சொல்லுங்கள்.

வேதாளம்77:

எழுந்து நின்று கைதட்டுகிறேன்.

ஆப்பரேட்டர்ரீல்:

கைதட்டலாம், ஆனால் டோஹோ வழக்குப் போட்டு அவர்களை மடக்கியது என்பதையும் கவனியுங்கள். கம்பெனி தப்பவில்லை. அவர்கள் செய்த அயோக்கியத்தனத்தால் கேம் எடுப்பது நியாயமாகிவிடாது. நடுவில் அடிபடுவது எங்களைப் போல அரங்கு நடத்துகிறவர்கள்.

நெறியாளர்:

இரண்டு பதிவுகளை நீக்கியிருக்கிறேன். இழையின் தலைப்பைப் படித்த பிறகும் லிங்க் கேட்பவர்களை என்ன செய்வது என்று தெரியவில்லை. தள முகவரி, குழு அழைப்பு, "இன்பாக்ஸ் பாருங்கள்" எதுவும் இங்கே கூடாது. விவாதம் தொடரட்டும்.

நிழல்:

நான் பழைய படங்களின் ஆள், அதனால் வேறு கோணம். 1954 காட்ஜில்லா அமெரிக்காவுக்கு 1956-இல் போனபோது அப்படியே போகவில்லை. வெட்டி, ஆங்கிலம் பேசும் ஒரு பத்திரிகையாளராக நடிகர் ரேமண்ட் பர்ரை வைத்துப் புதிதாக எடுத்த காட்சிகளைச் செருகி, வேறு படமாக்கி அனுப்பினார்கள். அசலில் அணுகுண்டின் நிழல் எல்லா இடத்திலும் இருக்கிறது. 1954 மார்ச்சில்தான் பிகினி தீவில் நடந்த அமெரிக்க ஹைட்ரஜன் குண்டுச் சோதனையின் சாம்பல் ஒரு ஜப்பானிய மீன்பிடிப் படகின் மேல் விழுந்து, படகிலிருந்தவர்கள் நோயில் விழுந்தார்கள். படம் ஒரு படகு எரிவதோடு தொடங்குவது சும்மா இல்லை. வெட்டப்பட்ட பிரதியில் இந்தக் கனம் பெருமளவு போய்விட்டது.

வெட்டாத ஜப்பானிய அசல் அமெரிக்க அரங்குகளில் முறையாக ஓடியது எப்போது தெரியுமா? 2004. ஐம்பது வருடம்! அதுவரை அசலைப் பார்க்க விரும்பிய ரசிகர்களுக்குக் கை மாறி வந்த கள்ள விஎச்எஸ் டேப்தான் துணை. நகலின் நகல், சப்டைட்டில் யாரோ ஒரு ரசிகர் போட்டது. இன்று ஆய்வுக் கட்டுரை எழுதுகிற சிலர் அந்த டேப்பில் வளர்ந்தவர்கள்தான். அவர்களைத் திருடர் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

எண்கணக்கு:

யாரும் சொல்லப்போவதில்லை. ஆனால் ஐம்பது வருடம் கிடைக்காத படத்துக்கு டேப் மாற்றியதைக் காட்டி, முதல் வெள்ளிக்கிழமை கேம் எடுப்பதற்கு நியாயம் கேட்க இங்கே ஆள் தயாராக நிற்கிறார். வேதாளம், உங்களைத்தான்.

வேதாளம்77:

நான் ஒன்றும் கேட்கவில்லையே. ஆனால் கேட்கிறேன், ஐம்பது வருடம் நியாயம், ஒரு நாள் அநியாயம் என்றால் கோடு எங்கே? நான்கு மாதம்? நான்கு வாரம்? தேதி சொல்லுங்கள், காலண்டரில் குறித்துக்கொள்கிறேன்.

மழைக்காளான்:

நல்ல கேள்வி. கேலியாகக் கேட்டாலும் நல்ல கேள்வி.

இன்னொன்று, இதை யாரும் சொல்லவில்லை. கேம் பிரிண்டில் இப்போதெல்லாம் படத்தின் மேலேயே சூதாட்டத் தள விளம்பரம் ஓடுகிறது. மிருகம் கடலிலிருந்து எழும்பும் அந்த ஒரே நல்ல காட்சியில் நெஞ்சுக்குக் குறுக்கே சீட்டுக்கட்டு. படத்தின் பெயரைப் போட்டு .எக்ஸ்இ ஃபைல் தருகிறவர்கள் தனி ரகம், கிளிக் செய்தால் காட்ஜில்லா திரையில் வராது, கணினிக்குள் இறங்கும்.

ஆப்பரேட்டர்ரீல்:

வேதாளத்தின் கேள்விக்கு என் பதில். பெருந்தொற்றுக்கு முன்னால் பெரிய படம் அரங்கை விட்டு வீட்டுக்குப் போக ஏறத்தாழ 90 நாள். 2020 ஜூலையில் யூனிவர்சல் ஸ்டுடியோவும் ஏஎம்சி அரங்கு நிறுவனமும் 17 நாள் என்று ஒப்பந்தம் போட்டபோது தொழிலே அதிர்ந்தது. பிறகு வார்னர் 2022-இலிருந்து 45 நாள் என்று ஒத்துக்கொண்டது, இப்போது பலரும் அந்த எண்ணைச் சுற்றித்தான் இருக்கிறார்கள். எனக்கு 45 போதும். ராட்சத மிருகப் படம் முதல் மூன்று வாரத்தில்தான் பெரும்பாலும் சம்பாதிக்கிறது, நாற்பத்தாறாம் நாள் நீங்கள் வீட்டில் பார்த்தால் எனக்கு வருத்தமில்லை. ஆனால் அந்த 45 எல்லா நாட்டிலும் ஒரே நாளில் தொடங்க வேண்டும், ஒரே நாளில் முடிய வேண்டும், முடிந்த மறுநாள் எங்காவது காசு கொடுத்துப் பார்க்கக் கிடைக்க வேண்டும்.

பிக்சல்பித்தன்:

உலகம் முழுக்க ஒரே நாள் என்றால் எல்லா மொழி டப்பிங்கும் சப்டைட்டிலும் தணிக்கையும் ஒரே நாளில் தயாராக வேண்டும், அப்படியென்றால் எங்களுக்குக் கெடு இன்னும் முன்னால் வரும், இப்போதே கடைசி வாரம் தூக்கம் கிடையாது. உங்கள் கணக்கில் அதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

கடைசிவரிசை:

நியாயம். கெடுவை முன்னால் இழுக்காமல் வெளியீட்டைப் பின்னால் தள்ளலாமே, ஜப்பானில் நவம்பர், மற்ற இடத்தில் எப்போதோ என்பதற்குப் பதில் எல்லாருக்கும் டிசம்பர். ரசிகன் ஒரு மாதம் கூடக் காத்திருப்பான். மற்றவன் பார்த்துவிட்டான், எனக்கு மட்டும் கதவு பூட்டு என்பதைத்தான் அவனால் தாங்க முடியாது.

வேதாளம்77:

உலகம் முழுக்க ஒரே நாள், 45 நாள், மறுநாள் வீட்டில். எழுதிக் கொடுத்தால் கையெழுத்துப் போடுகிறேன், அந்த 45 நாளும் கேம் பிரிண்ட் பக்கம் தலை வைத்துப் படுக்க மாட்டேன். டோஹோவிடம் யார் கையெழுத்து வாங்கப் போகிறீர்கள்?